கோச்சிங்கில் பிராய்டைக் கொண்டுவரலாமா? (யாழ்ப்பாணத்தில் இந்த வேலை தெரிந்தவர்கள் எழுதவும்)

கொக்குவில்தம்பி:
வணக்கம். நான் யாழ்ப்பாணத்தில் நிறுவனங்களுக்குப் பயிற்சி வகுப்பு எடுக்கிற ஆள், இப்போது கொஞ்சக் காலமாக மனேஜர் மட்டத்தில் உள்ளவர்களுக்குத் தனித்தனியாகக் கோச்சிங்கும் செய்கிறேன். படித்தது க்ரோ முறை. ஜோன் விட்மோர் 1992இல் எழுதிய புத்தகத்தால் உலகம் முழுக்கப் பரவிய அந்த நாலு படி: இலக்கு என்ன, இப்போதைய நிலைமை என்ன, என்னென்ன வழி இருக்கு, எதைச் செய்யப் போகிறீர்கள். நல்ல முறைதான். ஆனால் ஒரு ஆளிடம் அது ஓடமாட்டேன் என்கிறது.

விபரங்களை மாற்றித்தான் எழுதுகிறேன். உணவுப் பொருள் பொதிசெய்து ஏற்றுமதி செய்கிற கொம்பனி, முதலாளி ரொறன்ரோவில், இங்கே நடத்துவது ஒரு பொது முகாமையாளர். கெட்டிக்காரர், வேலை தெரிந்தவர், வேலையாட்களோடும் நல்ல மாதிரி. ஆனால் தானாக ஒரு முடிவும் எடுக்கமாட்டார். லொறிக்கு டயர் மாற்றுவதென்றாலும் ரொறன்ரோ விடிய வேண்டும். அங்கே காலை எட்டரை என்றால் இங்கே மாலை ஆறு, ஆகவே அந்தக் கந்தோரில் உண்மையான வேலை ஆறு மணிக்குத்தான் தொடங்குகிறது. ஒவ்வொரு சந்திப்பிலும் "இந்தத் தொகைக்குக் கீழே நானே பார்த்துக்கொள்ளுவன்" என்று தன் வாயாலேயே சொல்லி, கொப்பியில் எழுதி, சந்தோசமாகக் கைகொடுத்துவிட்டுப் போவார். அடுத்த முறை வந்து பார்த்தால் ஒன்றும் நடந்திருக்காது.

இப்போது புதிதாக ஒன்று. சந்திப்புக்கு முதல் நாள் இரவு எனக்கு வட்ஸ்அப் வருகிறது: "சேர், நாளைக்கு எதைப் பற்றிக் கதைப்பம், நீங்களே சொல்லுங்கோ." என்னைவிட வயதில் மூத்தவர், என்னைச் சேர் என்கிறார்.

பிராய்டின் உளப்பகுப்பாய்விலிருந்து வந்த சைக்கோடைனமிக் கோச்சிங் என்று ஒன்றைப் பற்றி வாசித்தேன். இப்படியான ஆட்களுக்கு அது சரிவருமா? அப்பா அம்மா கதையெல்லாம் கேட்க வேண்டுமா?

வங்கிக்கணக்கன்:
தம்பி, நனவிலி மனத்துக்குள் இறங்க முதல் கையொப்ப அதிகாரம் யாரிடம் இருக்கிறது என்று பார்த்தீரா? காசோலையில் அவருடைய கையெழுத்துச் செல்லாது என்றால் அவர் பயந்தவர் இல்லை, விஷயம் தெரிந்தவர். கோச்சைக் கூப்பிட முதல் அதிகாரம் கொடுத்து ஒரு பக்கக் கடிதம் எழுதினாலே பல இடத்தில் சோலி முடிந்துவிடும்.

கொக்குவில்தம்பி:
அதை முதலே பார்த்துவிட்டேன் அண்ணை. ஒரு தொகை வரைக்கும் அவரே செலவழிக்கலாம் என்று பணிப்பாளர் சபைத் தீர்மானம் இருக்கிறது, வங்கியிலும் அவருடைய கையொப்பம் இருக்கிறது. அந்த அதிகாரத்தை அவர் பாவித்ததே இல்லை.

ஈஸ்ட்ஹாம்வாசி:
அப்படியென்றால் விஷயம் சுவாரசியம். நான் லண்டனில் இந்த வேலைதான் செய்கிறேன், சொந்த ஊர் உரும்பிராய். கொஞ்சம் நீளமாக எழுதப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

சைக்கோடைனமிக் என்றவுடன் ஆளைச் சாய்கதிரையில் படுக்கவைத்து அம்மாவைப் பற்றிக் கேட்பது என்று நினைக்கிறார்கள். கோச்சிங்கில் அதற்கு இடமில்லை. அங்கிருந்து நாங்கள் எடுப்பது கொஞ்சம்தான். ஒரு ஆள் தான் ஏன் ஒன்றைச் செய்கிறேன் என்பதில் ஒரு பகுதியைத் தானே அறியமாட்டார். பதற்றம் தருகிற விஷயத்திலிருந்து தப்ப மனம் ஏதோ ஒரு ஏற்பாட்டைச் செய்து வைத்திருக்கும். பழைய உறவுகளில் பழகிப்போனது புதிய உறவுகளில் திரும்பி வரும். 1914இல் பிராய்ட் எழுதிய கட்டுரை ஒன்றின் சாரம் இது: ஆள் நினைவுக்குக் கொண்டுவராததைச் செய்து காட்டுவார். உங்கள் ஆள் செய்து காட்டுகிறார் தம்பி! முதலாளிக்கு முன்னால் எப்படி நிற்கிறாரோ அப்படியே உங்களுக்கு முன்னாலும் நிற்கத் தொடங்கிவிட்டார். "நீங்களே சொல்லுங்கோ சேர்" என்ற அந்த ஒரு வரி, நீங்கள் கொப்பியில் எழுதி வைத்திருக்கிற எல்லா இலக்கையும்விடப் பெறுமதியானது. வெளியே கந்தோரில் நடப்பதை அவர் உங்களுக்கு விபரிக்கத் தேவையில்லை, உங்கள் அறைக்குள்ளேயே அது நடக்கிறது. பழைய உறவில் பழகியதைப் புதிய ஆளிடம் திருப்பிச் செய்கிற ட்ரான்ஸ்ஃபரன்ஸ் (transference) என்பது இதுதான்.

அடுத்தது நீங்கள். அந்த வட்ஸ்அப்பைப் பார்த்தவுடன் உங்களுக்கு என்ன வருகிறது? எரிச்சலா? இல்லாவிட்டால் உள்ளுக்குள் சின்னச் சந்தோசம் வந்து, இருந்து மூன்று பொயின்ற் எழுதி அனுப்பிவிடுகிறீர்களா? சிகிச்சை செய்பவருக்கு வருகிற இப்படியான உணர்வை பிராய்ட் ஒரு தொந்தரவாகத்தான் பார்த்தார், 1910இல் அதைக் கண்டுபிடித்து அடக்க வேண்டும் என்று எழுதினார். 1950இல் போலா ஹைமன் என்ற உளப்பகுப்பாய்வாளர் அதைத் தலைகீழாக்கினார்: அந்த உணர்வு, எதிரே இருப்பவரைப் பற்றி அறிய உதவும் கருவி என்றார். என் வேலையில் நான் அதிகம் பாவிப்பது இதைத்தான். சந்திப்பு முடிந்து பஸ்ஸில் வரும்போது எனக்கு ஏன் இவ்வளவு களைப்பு, ஏன் இந்த ஆளை மட்டும் காப்பாற்ற வேண்டும்போல இருக்கிறது என்று கேட்டுப் பார்ப்பேன்.

அப்பா அம்மா பற்றிக் கேட்டீர்கள். டேவிட் மலான் என்ற உளச்சிகிச்சையாளர் பரப்பிய ஒரு முக்கோணம் இருக்கிறது. ஒரு மூலையில் இன்றைக்கு வாழ்க்கையில் உள்ள ஆட்கள், இன்னொன்றில் சிகிச்சையாளர், மூன்றாவதில் பழைய ஆட்கள், அதாவது அப்பா, அம்மா, சகோதரம். சிகிச்சையில் மூன்றையும் தொடுத்துக் காட்டுவார்கள். நான் கோச்சிங்கில் முதல் இரண்டோடு நின்றுவிடுவேன்: முதலாளியோடு இப்படி, என்னோடும் இப்படி. மூன்றாவதை அவராகக் கொண்டுவந்தால் காது கொடுப்பேன், தோண்டமாட்டேன்.

வங்கிக்கணக்கன்:
முழுக்க வாசித்தேன். எனக்குள்ள பழைய சந்தேகம் அப்படியே இருக்கிறது. முடிவெடுக்காவிட்டால் அப்பாவுக்குப் பயம் என்பீர்கள், தடாலென்று முடிவெடுத்தால் அப்பாவை எதிர்க்கிறார் என்பீர்கள். தத்துவஞானி கார்ல் பொப்பர், பிராய்டையும் இன்னொரு உளவியலாளரான அட்லரையும் பிடித்துக் கேட்டது இதைத்தான், எது நடந்தாலும் பொருந்துகிற கோட்பாட்டை எதை வைத்துச் சோதிப்பது? 2010இல் ஜொனதன் ஷெட்லர் என்ற உளவியலாளர் ஆய்வுகளைத் தொகுத்து இந்த வகைச் சிகிச்சை பலன் தருகிறது என்று காட்டினார், அது தெரியும். ஆனால் அது நோயோடு வருகிறவர்களுக்கான சிகிச்சை. பொது முகாமையாளரோடு தேத்தண்ணி குடித்துக்கொண்டு கதைப்பதற்கு அந்தக் கணக்கைக் காட்ட முடியாது.

ஈஸ்ட்ஹாம்வாசி:
காட்டக்கூடாது, ஒப்புக்கொள்கிறேன். அதனால்தான் இதை ஊகமாக மட்டும் வைத்துக்கொள்ள வேண்டும், பிழைத்துப்போகவும் அதற்கு வழி விட வேண்டும். உதாரணத்துக்கு, தம்பி அடுத்த முறை பட்டியல் அனுப்பாமல் "நாளைக்கு நீங்கள் கொண்டுவருவதில் தொடங்குவம்" என்று மட்டும் எழுதட்டும். ஆள் பதறினால், திரும்பத் திரும்பக் கேட்டால், திடீரென்று சந்திப்பைத் தள்ளிப்போட்டால் ஊகத்துக்குப் பலம். "ஓம் சேர்" என்று சொல்லிவிட்டு ஒரு விஷயத்தோடு வந்து இருந்தால் ஊகம் பிழை, அவர் வெறும் மரியாதைக்குக் கேட்டிருக்கிறார். படிப்பித்தவனை, பயிற்சி தருகிறவனைச் சேர் என்பது எங்கள் ஊர்ப் பழக்கம், எல்லாவற்றையும் ட்ரான்ஸ்ஃபரன்ஸ் என்று எழுதினால் யாழ்ப்பாணம் முழுக்க நோயாளியாகிவிடும்.

வங்கிக்கணக்கன்:
இப்போது கொஞ்சம் விளங்குகிறது. ஆனாலும் முழுக்க நம்பவில்லை.

தெல்லிப்பழையாள்:
நான் உளவளத்துணை வேலையில் கனகாலம் இருக்கிறவள். தம்பிமார் கதைப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தேன், சில விஷயம் சொல்லவேண்டும்.

அப்பா அம்மா பற்றித் தோண்டமாட்டேன் என்று லண்டன் தம்பி எழுதியது சரி, ஆனால் அது லண்டனில் ஒரு நல்ல பழக்கம், இங்கே கட்டாயம். இன்றைக்கு நாற்பத்தைந்து, ஐம்பது வயதில் உள்ள ஒரு யாழ்ப்பாணத்தவரை எடுங்கள். போரால் யாழ்ப்பாணமே இடம்பெயர்ந்த 1995 ஒக்டோபர் 30 இரவு அவர் பள்ளிக்கூடப் பிள்ளை, இல்லாவிட்டால் இளந்தாரி. யாரைக் கூட்டிக்கொண்டு போவது, நடக்க ஏலாத அம்மம்மாவை என்ன செய்வது, எதைப் பூட்டுவது என்று ஒவ்வொரு வீட்டிலும் யாரோ ஒருவர் முடிவெடுத்தார். நாவற்குழிப் பக்கம் சனம் அசைய இடமில்லாமல் நின்றபோதும் முடிவெடுத்தார்கள். சில முடிவுகள் ஆளையே கொண்டுபோயின. இப்படியான ஒருவரிடம் "முடிவெடுக்கிற பயம் உங்களுக்கு முதன்முதல் எப்போது வந்தது" என்று நாலு மணிக்குக் கேட்டுவிட்டு ஐந்து மணிக்குச் சம்பளப் பட்டியலில் கையெழுத்து வைக்க அனுப்ப ஏலாது. திறந்தால் மூடத் தெரிந்திருக்க வேண்டும், மூட நேரமும் இருக்க வேண்டும்.

உளமருத்துவப் பேராசிரியர் தயா சோமசுந்தரம் 2007இல் எழுதிய கட்டுரை ஒன்று இந்த இழைக்கு நேரே பொருந்தும். போருக்குள்ளும் இடப்பெயர்வுக்குள்ளும் இருந்த வடக்குச் சமூகங்கள் பிறரில் தங்கியிருப்பவையாக, மௌனமாக, தலைமை இல்லாமல், ஒருவரை ஒருவர் சந்தேகிப்பவையாக மாறிவிட்டன என்று அதில் சொன்னார். காயம் தனி ஆளுக்கு மட்டும் இல்லை, குடும்பத்துக்கும் ஊருக்கும் என்பது அவருடைய வாதம். வெளியே வந்து முன்னுக்கு நின்று ஒரு சொல் சொன்னவனுக்கு என்ன நடந்தது என்று பார்த்து வளர்ந்த தலைமுறை இது. ஆகவே உங்கள் முகாமையாளர் காத்திருப்பதைக் குறைபாடு என்று எழுத முதல், அந்தக் காத்திருப்பு ஒரு காலத்தில் எத்தனை பேரைக் காப்பாற்றியது என்று யோசியும்.

இன்னொன்று. ஸ்டீவன் பேர்க்லாஸ் என்ற உளவியலாளர் 2002இல் ஹாவார்ட் பிஸ்னஸ் ரிவியூவில் எச்சரித்து எழுதினார், உளவியல் படிக்காத கோச் ஆழமான பிரச்சினையை வெறும் பழக்கம் என்று நினைத்து வேலை செய்தால் ஆளை இன்னும் கெடுத்துவிடலாம் என்று. நித்திரை இல்லை, குடி கூடிவிட்டது, சாவைப் பற்றிக் கதைக்கிறார் என்றால் உங்கள் வேலை அதோடு முடிந்தது. அனுப்ப இடம் இருக்கிறது: யாழ் போதனா வைத்தியசாலை, தெல்லிப்பழை, சாந்திகம்.

கொக்குவில்தம்பி:
நன்றி அக்கா. அப்படியான அறிகுறி ஒன்றும் இல்லை, நல்லாகத்தான் சாப்பிடுகிறார், சிரிக்கிறார், வார இறுதியில் பிள்ளைகளோடு கசூரினாக் கடற்கரைக்குப் போகிறார். முடிவு மட்டும்தான் இல்லை.

பழைய சங்கக்கடை:
நான் கூட்டுறவில் பொது முகாமையாளராக இருந்து ஓய்வுபெற்றவன். பிராய்ட் எனக்குத் தெரியாது. ஒன்று மட்டும் கேட்கிறேன் தம்பி. இவருக்கு முதல் அந்தக் கதிரையில் இருந்தவர் எப்படி?

எங்கள் காலத்தில் ஒரு கிளை இருந்தது, பெயர் வேண்டாம். அங்கே போகிற மனேஜர் எவரும் ஆறு மாதத்தில் ஒரே மாதிரி ஆகிவிடுவார். எல்லாவற்றுக்கும் தலைமைக் கந்தோருக்குக் கடிதம். ஆளை மாற்றினோம், இன்னொருவரைப் போட்டோம், அவரும் கடிதம் எழுதத் தொடங்கினார். அந்த ஆட்கள் வேறு கிளைக்குப் போனால் நன்றாக வேலை செய்தார்கள்.

கொக்குவில்தம்பி:
ஐயா, நீங்கள் கேட்ட பிறகுதான் விசாரித்தேன். முன்னவரும் இப்படித்தானாம். "தானாக ஒன்றும் செய்யிறார் இல்லை" என்று சொல்லித்தான் அவரை நிற்பாட்டினார்களாம்.

ஈஸ்ட்ஹாம்வாசி:
வேலையிடங்களின் உளவியலை ஆராய்கிற லண்டன் டவிஸ்ரொக் நிறுவனத்தின் பாதி வேலையை ஐயா ஒரே கேள்வியில் செய்துவிட்டார். உண்மையாகத்தான் சொல்கிறேன்.

1960இல் இசபெல் மென்சிஸ் என்ற உளப்பகுப்பாய்வாளர் லண்டனில் ஒரு பெரிய போதனா வைத்தியசாலையின் தாதிமார் பற்றிய தனது ஆய்வை வெளியிட்டார். பயிற்சித் தாதிமாரில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினர் பயிற்சி முடிக்காமல் விட்டுவிட்டுப் போனார்கள். ஏன்? தாதி வேலை என்பது நோவு, சாவு, மலம், அழுகை, உறவினரின் கோபம் எல்லாவற்றுக்கும் மிக அருகே நிற்பது. அந்தப் பதற்றத்தைத் தாங்க வைத்தியசாலை தன்னை அறியாமலே ஒரு ஒழுங்கைக் கட்டி வைத்திருந்தது. ஒரு தாதி ஒரு நோயாளியோடு நெருங்காதபடி வேலை துண்டு துண்டாகப் பிரிக்கப்பட்டது, இன்று இந்த வாட்டு நாளை அந்த வாட்டு. நோயாளிக்குப் பெயர் போய் கட்டில் இலக்கமும் நோயும்தான் மிச்சம். எதையும் இரண்டு மூன்று தரம் சரிபார்த்தல். இங்கே முக்கியமானது: கீழே உள்ளவர் செய்யக்கூடிய முடிவும் மேலே மேலே தள்ளப்பட்டது. கீழே உள்ளவர்கள் தங்களைப் பொறுப்பில்லாதவர்களாகவும் மேலே உள்ளவர்களைக் கடுமையானவர்களாகவும் ஆக்கிக்கொண்டார்கள், இரண்டு பக்கமும் சேர்ந்துதான் அதைச் செய்தார்கள். இந்த ஒழுங்கு பதற்றத்தைக் குறைக்கவில்லை, நல்ல பிள்ளைகளை வெளியே அனுப்பியது. நிறுவன ஒழுங்குகளைப் பதற்றத்துக்கு எதிரான அரணாகப் பார்க்கலாம் என்பதை 1955இலேயே எலியட் ஜாக்ஸ் என்ற உளப்பகுப்பாய்வாளர் எழுதியிருந்தார், மென்சிஸ் அதை வாட்டுக்குள் கொண்டுபோனார்.

அதேமாதிரி வில்பிரட் பியோன் என்ற உளப்பகுப்பாய்வாளர், 1897இல் இந்தியாவில் மதுராவில் பிறந்தவர். ஒரு குழு வேலையை விட்டுவிட்டு எங்களுக்கு எல்லாம் தருகிற ஒருவர் இருக்கிறார் என்ற நினைப்பில் இருந்துவிடும் என்று எழுதினார். தங்கியிருக்கும் குழு என்று அதற்குப் பெயர். அந்தக் குழுவில் தலைவர் ஒரு கட்டத்தில் ஏமாற்றியே தீருவார், உடனே வேறு ஒருவரைத் தேடுவார்கள். உங்கள் கொம்பனியில் தேடிப் பிடித்தது உங்களைத்தானோ தம்பி?

ஆகவே அந்த மனிதரின் மனத்தை மட்டும் குடைந்துகொண்டிருந்தால், கதிரையில் உள்ள நோயை ஆளின் நோய் என்று எழுதிவிடுவோம். முன்னவரை நிற்பாட்டியதே அந்தக் கணக்கில்தான்.

மூன்றாம் வாட்டு:
தாதி ஒருத்தி எழுதுகிறேன். நீங்கள் 1960 என்கிறீர்கள். எனக்கு வாசிக்கும்போது நேற்றைய நைற் டியூட்டி மாதிரி இருக்கிறது. பனடோல் கொடுக்கவும் ஆளைக் கூப்பிட்ட நாள் உண்டு. போய் நித்திரை கொள்ளப் போகிறேன்.

வங்கிக்கணக்கன்:
சரி, இப்போது எனக்குப் பிடித்த இடத்துக்கு வந்துவிட்டீர்கள். வாட்டில் பதற்றம் சாவு. டயர் மாற்றுவதில் என்ன சாவு? பொதிசெய்கிற கொம்பனிக்கு என்ன பயம்?

பழைய சங்கக்கடை:
காசு. ஆனால் எந்தக் காசு என்று பாரும். வங்கிக் கடன் என்றால் நட்டம் வந்தால் வங்கியோடு வழக்காடலாம். இது ரொறன்ரோவில் இரண்டு வேலை செய்து, பனிக்குள் நடந்து சேர்த்த காசு, அதில் தங்கச்சியின் பங்கும் மச்சானின் பங்கும் இருக்கும். அந்தக் காசில் பிழையான டயர் வாங்குவதும் ஒரு குற்றம் மாதிரித்தான் இங்கே உள்ளவனுக்கு. இருந்தவனுக்குப் போனவனில் ஒரு கோபமும் இருக்கும், நன்றியும் இருக்கும், இரண்டையும் வாயால் சொல்லமாட்டான். எல்லாவற்றையும் கேட்டுச் செய்துவிட்டால் பிழை அவனுடையது ஆகாது.

போனவனுக்கும் ஒன்று இருக்கிறது. முதலாளி இரவில் அழைத்துப் பெட்டி என்ன விலை, மழை பெய்ததா, யார் வேலைக்கு வரவில்லை என்று கேட்பாரே? அந்த அரை மணித்தியாலம் அவர் ஊரில் இருக்கிறார். கேட்க ஒன்றும் இல்லை என்றால் அவருக்கு என்ன மிச்சம்?

வங்கிக்கணக்கன்:
ஐயா, கதை நன்றாக இருக்கிறது. ஆனாலும் கதைதான்.

தெல்லிப்பழையாள்:
கதைதான், ஆனால் எனக்கு நம்பக்கூடிய கதை. தம்பி, அதை முதலாளிக்கு எடுத்துச் சொல்லிவிடாதீர். உள்ளே வைத்துக்கொண்டு கேள்வியை மாற்றும். "ஏன் முடிவெடுக்கிறீர்கள் இல்லை" என்பதற்குப் பதிலாக "நீங்களே முடிவெடுத்த ஒரு நாளில் அடுத்து என்ன நடக்கும், யார் முதலில் கதைப்பார்கள்" என்று கேட்டுப் பாரும். பெரும்பாலும் அங்கேதான் சாமான் இருக்கும்.

ஈஸ்ட்ஹாம்வாசி:
அக்காவோடு உடன்படுகிறேன், ஒரு இடத்தில் மட்டும் வேறு மாதிரி. உங்களுக்கும் அவருக்கும் இடையில் நடப்பதை எப்போதாவது வாயால் சொல்லியே ஆகவேண்டும். "நான் கவனித்தது ஒன்று, நாங்கள் இரண்டு பேரும் இருந்து கதைத்தாலும் கடைசியில் முடிவு என் பக்கம் வந்துவிடுகிறது, உங்களுக்கும் அப்படித் தெரிகிறதா?" என்ற அளவில். விளக்கம் கொடுக்க வேண்டாம், கேள்வியாக விட்டுவிடுங்கள்.

தெல்லிப்பழையாள்:
சொல்லலாம், அவசரப்பட வேண்டாம். நீர் அவரைவிட இளையவர். இப்போதே சொன்னால் அவருக்கு அது பிழை பிடித்ததாகத்தான் கேட்கும். வெட்கப்பட்டால் அடுத்த முறையிலிருந்து இன்னும் நல்ல பிள்ளையாக நடிப்பார், ஒன்றும் கண்டுபிடிக்க ஏலாது.

கொக்குவில்தம்பி:
இரண்டு பேர் சொல்வதும் விளங்குகிறது. முதலில் பட்டியல் அனுப்புவதை நிற்பாட்டுகிறேன். இன்னொரு சிக்கல். எனக்குக் காசு தருவது முதலாளி. நேற்று அவர் அழைத்து "எப்படி எங்கட ஆள், தேறுவாரா?" என்று கேட்டார்.

ஈஸ்ட்ஹாம்வாசி:
பார்த்தீர்களா, இப்போது ரொறன்ரோவுக்கு இங்கே இரண்டு முகாமையாளர்!

இதைத்தான் முதலில் கட்ட வேண்டும். முதலாளி, முகாமையாளர், நீங்கள் மூவரும் இருந்து என்ன மாற வேண்டும் என்று பேசி எழுதுங்கள், அதில் முதலாளி தன் பக்கம் எதைச் செய்வார் என்பதும் வரவேண்டும், உதாரணமாக அந்தத் தொகைக்குக் கீழே உள்ள செலவைப் பற்றி இரவில் கேட்கமாட்டேன் என்று. அதற்குப் பிறகு சந்திப்பு நடந்ததா என்பதை மட்டும் நீங்கள் சொல்லலாம். உள்ளே கதைத்தது முகாமையாளரின் வாயால்தான் வெளியே போகவேண்டும். அதோடு உங்கள் கோச்சிங்கைப் பற்றி இருந்து பேச உங்களுக்கும் ஒரு மேற்பார்வையாளர் தேவை, இணையவழியில் கொழும்பிலோ சென்னையிலோ பிடிக்கலாம். மூன்று பக்கத்தாரும் ஒரே கல்யாணத்துக்குப் போகிற ஊரில் ஊருக்கு வெளியே உள்ள ஆள்தான் நல்லது.

கொக்குவில்தம்பி:
முதலாளி அந்த ஒப்பந்தத்துக்கு மறுத்தால்?

தெல்லிப்பழையாள்:
பயிற்சி வகுப்பு வேண்டுமானால் எடும். கோச்சிங்கை விடும். உளவு பார்க்கிற வேலைக்கு ஆளை வேறு எங்கேயாவது தேடட்டும்.

வங்கிக்கணக்கன்:
முற்பணம் வாங்கிவிட்டீரா?

கொக்குவில்தம்பி:
பாதி.

வங்கிக்கணக்கன்:
அதையும் ஒப்பந்தத்தில் எழுதும். இடையில் நின்றால் நடக்காத சந்திப்புகளுக்கான காசு திரும்பிப் போகும், எத்தனை நாளுக்குள் என்றும் போடும். இப்போதே அந்தக் காசைத் தனிக் கணக்கில் போட்டுவையும், செலவழித்துவிட்டு "மாட்டேன்" என்று சொல்வது கஷ்டம்.